இருளைக் காத்த மலை



மலையேறச் செல்வோர் பெரும்பாலும் பகற்பொழுதையே நாடுவர். உதயசூரியனைக் காண்பதற்கோ, பள்ளத்தாக்கின் பசுமையைக் கண்டு களிப்பதற்கோ அவர்கள் மலைமேற் செல்வது உலக வழக்கம். ஆனால், இரவைக் காண்பதற்கென்றே மக்கள் தேடிச் செல்லும் மலையொன்று கனடா தேசத்திலே உண்டு. பகலவன் மறைந்து இருள் நன்றாகச் சூழ்ந்த பின்னரே அங்கு வருவோர்க்கு வேலை தொடங்குகிறது. அம்மலையின் பெயர் மெகாந்திக். கியூபெக் மாகாணத்தின் தென்கிழக்கில், மொன்றியல் மாநகரிலிருந்து சாலைவழியாக ஏறக்குறைய 250 கிலோமீற்றர் தூரத்தில், கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,100 மீற்றர் உயரத்தில் அது நிற்கிறது. 1994 ஆம் ஆண்டில் அம்மலையும் அதனைச் சூழ்ந்த காடும் ஒரு பூங்காவாகப் பிரகடனஞ் செய்யப்பட்டன.

அங்கே வழிகாட்டிகளின் துணைகொண்டு மக்கள் விண்மீன்களைக் காண்பதையும், இரவு வானத்தை நிழற்படமாகப் பிடிப்பதையும் பற்றி இன்று உங்களுக்கு எடுத்துக்கூற விரும்புகின்றேன். அவற்றோடு, அந்த வானம் அவர்களுக்கு எவ்வாறு கிடைத்தது என்பதையும் கூறுதல் வேண்டும். ஏனெனில், அது தானாகக் கிடைத்ததன்று. கைநழுவிப் போய்க்கொண்டிருந்த ஒரு செல்வத்தை ஊரவர் கூடி மீட்டெடுத்த கதை அது.

மெகாந்திக் மலையின் உச்சியிலே 1978 ஆம் ஆண்டில் ஒரு வானாய்வு நிலையம் அமைக்கப்பட்டது. 1.6 மீற்றர் விட்டமுள்ள ஆடியைக் கொண்ட பெரிய தொலைகாட்டியொன்று அங்கே நிறுவப்பட்டது. மொன்றியல் பல்கலைக்கழகமும் லவால் பல்கலைக்கழகமும் அதனை நடத்தின. அந்த மலையை ஆராய்ச்சியாளர் தேர்ந்தெடுத்தமைக்கு முதற் காரணம் அதன் இருள். சுற்றிலும் காடு, ஆங்காங்கே சிற்றூர்கள், பெருநகரம் எதுவும் அருகில் இல்லை. ஆயினும், நிலையம் திறக்கப்பட்டு இருபது ஆண்டுகள் செல்வதற்குள் அவ்வானத்தின் ஒளிமாசு ஏறக்குறைய இருமடங்காகிவிட்டது. அறுபது கிலோமீற்றர் அளவு தொலைவிலுள்ள சேர்புறூக் நகரம் வளர்ந்தது. சிற்றூர்களிலும் வீட்டு முற்றங்களிலும் விளக்குகள் பெருகின. இரவிலே மலையுச்சியில் நின்று பார்த்தால், அடிவானத்தில் மஞ்சள் நிறமான ஒளிக்குவிமாடங்கள் எழுந்து நின்றன.

இவ்வாறு வளருமாயின் இறுதியில் என்ன நேரும் என்பதற்கு அந்த நாட்டிலேயே ஓர் எடுத்துக்காட்டு இருந்தது. நம்மவர் பல்லாயிரவர் சென்று குடியேறியிருக்கும் ரொறன்ரோ நகரத்தின் வடக்கே, றிச்மண்ட் ஹில் என்னுமிடத்தில், டேவிட் டன்லப் வானாய்வு நிலையம் 1935 இல் திறக்கப்பட்டது. அதன் தொலைகாட்டி 1.88 மீற்றர் விட்டமுடையது. திறக்கப்பட்ட காலத்தில் உலகிலேயே இரண்டாவது பெரியதாக விளங்கியது. அன்னப்பறவை விண்மீன் கூட்டத்திலுள்ள ஒரு பொருள் கருந்துளையாக இருத்தல் வேண்டும் என்பதற்கு 1970 களின் தொடக்கத்திலே சான்று தந்த நிலையங்களுள் அதுவும் ஒன்று. ஆனால், வயல்வெளியின் நடுவே கட்டப்பட்ட அந்நிலையத்தைச் சுற்றி நகரம் வளர்ந்தது. விளக்குகள் நெருங்கின. 2008 ஆம் ஆண்டில் ரொறன்ரோ பல்கலைக்கழகம் அதனை விற்றுவிட்டது. தொலைகாட்டி பழுதடையவில்லை, ஆடி உடையவில்லை. வானம் மறைந்துவிட்டது; அவ்வளவே.

நேயர்களே, வானம் எவ்வாறு மறைகின்றது என்பதைச் சற்று விளங்கிக்கொள்ளுதல் நன்று. ஒரு தெருவிளக்கின் ஒளி நிலத்தை நோக்கி மட்டும் விழுமாயின் அதனால் வானத்திற்கு வரும் தீங்கு சிறிது. ஆனால், மூடியில்லாத விளக்கு தன் ஒளியில் ஒரு பங்கைப் பக்கவாட்டிலும் மேல்நோக்கியும் வீசுகின்றது. மேலே சென்ற ஒளி, காற்றின் மூலக்கூறுகளிலும், தூசியிலும், நீர்த்துளிகளிலும் பட்டுச் சிதறித் திரும்ப வருகின்றது. அச்சிதறலே இரவு வானத்தைச் சாம்பல் நிறமாக்கும் திரை. இதிலும் நீலக்கதிர் மற்றக் கதிர்களைவிட மிகுதியாகச் சிதறும் இயல்புடையது. பகலில் வானம் நீலமாகத் தோன்றுவதற்குக் காரணமும் அதுவே. ஆகவே, நீலம் மிகுந்த வெள்ளை விளக்குகள் வானத்திற்குச் செய்யும் தீங்கு, மஞ்சள் விளக்குகள் செய்வதிலும் அதிகம். விண்மீன்கள் அணைந்துவிடுவதில்லை. பகலிலே அவை எவ்வாறு வானில் இருந்தும் கண்ணுக்குப் புலப்படுவதில்லையோ, அவ்வாறே நகரத்து இரவிலும் இருந்தும் மறைகின்றன.

இந்நிலையில் மெகாந்திக் மலையிலுள்ளோர் என் செய்தனர்? ஆராய்ச்சியாளர் சிலர் ஓர் அறைக்குள் கூடி அரசாங்கத்திற்கு மனு எழுதியிருந்தால், அது ஏதோ ஒரு கோப்பிலே துயின்றிருக்கும். அவர்களுக்குக் கைகொடுத்தது வேறொன்று. மலையடிவாரத்தில் 1996 ஆம் ஆண்டில் பொதுமக்களுக்கென்று ஒரு வானியல் நிலையம் திறக்கப்பட்டிருந்தது. இரவுதோறும் மக்கள் அங்கு வந்து, வழிகாட்டிகள் கூறுவதைக் கேட்டு, தம் கண்களாலேயே வானத்தைப் பார்த்துச் சென்றனர். அயலூர்க் கமக்காரரும், கடை வைத்திருப்போரும், பாடசாலைப் பிள்ளைகளும் வந்தனர். தம் ஊரின் மேலே இத்தகைய பெருநிதி பரந்து கிடப்பதை அவர்கள் அறிந்தனர். பின்னர், 2003 அளவில் ஒளிமாசைக் குறைக்கும் முயற்சி தொடங்கியபோது, "எங்கள் வானத்தைக் காப்போம்" என்று சொல்வதற்கு ஊரிலே ஆட்கள் இருந்தனர்.

அம்முயற்சியின் முறை மிக எளிது. நான்கு சொற்களில் அதனை அடக்கிவிடலாம்: அளவு, திசை, நிறம், நேரம். தேவைக்கு மிஞ்சிய ஒளி வேண்டாம், அது அளவு. ஒளி நிலத்தை நோக்கியே விழட்டும், கிடைமட்டத்திற்கு மேலே செல்லாதிருக்கட்டும், அது திசை. வெள்ளைக்கும் நீலத்திற்கும் பதிலாகச் செம்மஞ்சள் ஒளியைப் பயன்படுத்துவோம், அது நிறம். ஆளில்லாத வேளையில் அணைத்துவிடுவோம்; அது நேரம். இந்நான்கையும் அடிப்படையாகக் கொண்டு, மலையைச் சூழ்ந்த முப்பதுக்கும் மேற்பட்ட உள்ளூராட்சி மன்றங்கள் ஒழுங்குவிதிகளை இயற்றின. ஒன்றரை இலட்சத்திற்கு மேற்பட்ட மக்கள் வாழும் சேர்புறூக் நகரமும் அவ்வாறே செய்தது. மூவாயிரத்திற்கும் மேற்பட்ட விளக்குகள் மாற்றப்பட்டன. அதன் பயனாக மலையின் மேலுள்ள ஒளிமாசு நூற்றுக்கு 35 பங்கு அளவிற்குக் குறைந்தது.

2007 ஆம் ஆண்டில், சர்வதேச இருள்வான் சங்கம் மெகாந்திக் மலையையும் அதனைச் சூழ்ந்த பெரும் பிரதேசத்தையும் உலகின் முதலாவது சர்வதேச இருள்வான் காப்பகமாக ஏற்றுக்கொண்டது. அச்சங்கம் 1988 இல் அமெரிக்காவிலே தோன்றியது. காட்டு விலங்குகளுக்குக் காப்பகம் உண்டு, பறவைகளுக்குச் சரணாலயம் உண்டு என்பதை நாம் அறிவோம். இருளுக்கும் ஒரு காப்பகம் உண்டு என்பதை உலகம் அன்று அறிந்தது. அந்த மலையில் ஆராய்ச்சியும் தொடர்ந்தது. 2021 ஆம் ஆண்டு விண்ணுக்கு அனுப்பப்பட்ட ஜேம்ஸ் வெப் விண்தொலைகாட்டியிலே கனடா அமைத்துக்கொடுத்த கருவிகளுள் ஒன்றிற்குப் பொறுப்பாயிருந்த அறிஞர் ரெனே டோயோன், இம்மலை நிலையத்தின் பணிப்பாளராக விளங்கியவரே.

இனி, அங்கே ஓர் இரவு எவ்வாறு கழிகின்றது என்பதைக் கூறுகின்றேன். என் தங்கையின் குடும்பம் நெடுங்காலமாக மொன்றியலில் வாழ்கின்றது. அவர்களைக் காணச் சென்றிருந்த காலத்தில், ஒரு ஆகஸ்ட் மாத இரவில் அவர்களுடன் அம்மலைக்குச் செல்லும் வாய்ப்பு எனக்குக் கிட்டியது. அந்நாட்டில் கோடைகாலத்து அந்தி மிக நீண்டது. ஜூன் மாதத்தில் இரவு பதினொரு மணியளவிலேதான் வானம் முற்றாக இருளும். ஆகஸ்டில் அத்தனை காத்திருக்க வேண்டியதில்லை. எனினும், நம் நாட்டைப்போல் சூரியன் மறைந்தவுடன் இருள் திடீரென்று கவிவதில்லை. அந்த இடைவேளையில் வழிகாட்டி எங்களுக்கு முதற்பாடத்தைக் கற்பித்தார். கைத்தொலைபேசிகளை உறையில் இடுங்கள், வெண்ணிற விளக்கு எதனையும் ஏற்றாதீர்கள் என்பதே அது.

இதற்குத் தக்க காரணம் உண்டு. இருட்டிலே நம் கண்மணி ஏழு மில்லிமீற்றர் அளவுக்கு விரிகின்றது. இது ஓரிரு நிமிடங்களில் நிகழ்ந்துவிடும். ஆனால், விழித்திரையிலுள்ள கோல்கள் எனப்படும் கலங்கள் மங்கிய ஒளியை உணரும் வல்லமையை முழுவதும் பெறுவதற்கு இருபது முதல் முப்பது நிமிடங்கள் செல்லும். அவ்வாறு பொறுமையாகப் பெற்ற வல்லமையை ஒரு கணநேர வெள்ளொளி அழித்துவிடும். மீண்டும் முதலிலிருந்து காத்திருக்க வேண்டும். சிவப்பொளி அக்கலங்களை அத்துணை பாதிப்பதில்லையாதலால், வழிகாட்டிகள் செந்நிறச் சிறுவிளக்கையே கையிற் கொள்கின்றனர். வானத்திலுள்ள விண்மீனைச் சுட்டுவதற்கு ஒரு பச்சை ஒளிக்கோல். இவ்விரண்டுமே அவர்களுடைய கருவிகள். மிகுதியெல்லாம் அவர்களுடைய நாவன்மை.

நாங்கள் நின்ற வேளையில், தலைக்கு மேலே அபிசித்து என்று நம் முன்னோர் அழைத்த வேகா விண்மீன் நீலவெண்மையாக ஒளிர்ந்தது. மேற்கே சுவாதி சாய்ந்துகொண்டிருந்தது. வடமேற்கிலே சப்தரிஷி மண்டலம். அந்த ஏழனுள் வசிட்டரின் அருகே அருந்ததியை வழிகாட்டி சுட்டிக்காட்டினார். அவர்கள் அதனை வேறு பெயரால் அழைக்கின்றனர். திருமணப் பந்தலிலே அருந்ததி பார்க்கும் நம் வழக்கத்தை என் தங்கை அவருக்கு எடுத்துரைத்தபோது, கூடியிருந்தோர் அனைவரும் ஆவலுடன் கேட்டனர்.

என்னை வியப்பில் ஆழ்த்தியது துருவ விண்மீன். யாழ்ப்பாணத்திலே அது அடிவானத்திலிருந்து பத்துப் பாகைக்கும் குறைந்த உயரத்தில், பனைமர வரிசையின் மேலே மங்கலாகத் தோன்றும். அங்கேயோ, அரைவானம் வரை ஏறி நின்றது. நாம் நிற்குமிடத்தின் அகலக்கோடு எத்தனை பாகையோ, அத்தனை பாகை உயரத்தில் துருவ விண்மீன் நிற்கும் என்று வகுப்பறையிலே பல்லாண்டுகள் நான் கற்பித்ததுண்டு. மெகாந்திக் மலை ஏறக்குறைய 45 பாகை வட அகலக்கோட்டிலுள்ளது. கரும்பலகையில் வரைந்த கோணத்தை வானத்திலே கண்டேன். அதற்கு மாறாக, நம் நாட்டில் உயர்ந்து நிற்கும் கேட்டை விண்மீன் அங்கே தென்திசையில் மரக்கிளைகளை ஒட்டித் தாழ்ந்து கிடந்தது. அகத்தியர் எனப்படும் விண்மீனும் தென்சிலுவையும் அங்கே அடிவானத்தின் மேலே எழுவதேயில்லை. நாம் எளிதிற் காணும் அவற்றைக் காண்பதற்கு அந்நாட்டார் கடல் கடந்து வருதல் வேண்டும். நமக்கு வாய்த்த வானம் எத்துணை பெரிதென்பதை நான் அறிந்தது, நம் நாட்டிலிருந்து அன்று, அம்மலையிலிருந்தே.

என் தங்கையின் மகளுக்கு அப்போது பன்னிரண்டு வயது. மொன்றியலிலே பிறந்தவள். கண்கள் இருளுக்குப் பழகியபின், வடகிழக்கிலிருந்து தென்மேற்கு வரை வானத்தைக் குறுக்கே கடந்து நின்ற வெண்பட்டையை நோக்கி, "மாமா, முகில் வருகிறதே, இனி ஒன்றும் தெரியாதோ?" என்று கவலையுடன் கேட்டாள். அது முகில் அன்று, நாம் வாழும் பால்வழி என்று கூறினேன். பல்லாயிரம் கோடி விண்மீன்கள் சேர்ந்த தொகுதி அது, நம் சூரியனும் அதிலொன்று என்று விளக்கினேன். அவள் சிறிது நேரம் பேசாதிருந்தாள். பின்னர், "இது எங்கள் வீட்டின் மேலேயும் இருக்கிறதா?" என்று கேட்டாள். இருக்கிறது என்றேன். "அப்படியென்றால் ஏன் எனக்கு ஒருவரும் சொல்லவில்லை?" என்றாள். மூன்று மணி நேரப் பயணத்தொலைவில் வாழும் ஒரு பிள்ளை, தான் வாழும் விண்மீன் தொகுதியைப் பன்னிரண்டு ஆண்டுகள் கண்டதில்லை. ஆசிரியனாகிய என்னை அந்த வினா இன்றுவரை தொடர்கின்றது.

அப்பிள்ளை தனித்தவள் அல்லள். உலக மக்களுள் மூன்றிலொரு பங்கிற்கும் மேற்பட்டோர் தாம் வாழுமிடத்திலிருந்து பால்வழியைக் காணமுடியாதென்று 2016 ஆம் ஆண்டில் வெளியான ஓர் ஆராய்ச்சி கணித்துள்ளது. வட அமெரிக்காவிலோ நூற்றுக்கு எண்பது பேருக்கு அந்நிலை. 2011 முதல் 2022 வரை உலகின் பல பாகங்களிலிருந்தும் பொதுமக்கள் தாம் கண்ட விண்மீன்களைப் பற்றி அனுப்பிய ஐம்பதினாயிரத்திற்கும் மேற்பட்ட குறிப்புகளை ஆராய்ந்தோர், 2023 இல் தம் முடிவை வெளியிட்டனர். இரவு வானத்தின் வெளிச்சம் ஆண்டொன்றுக்குச் சராசரி நூற்றுக்கு 9.6 பங்கு பெருகுகின்றதென அவர்கள் கண்டனர். இதன் பொருள் யாது? 250 விண்மீன்கள் தெரியும் ஓரிடத்திலே இன்று பிறக்கும் குழந்தை, பதினெட்டு வயதை அடையும்போது அங்கே ஏறக்குறைய 100 விண்மீன்களையே காணும்.

இனி, நிழற்படக் கலையைப் பற்றிச் சில வார்த்தைகள். சூரியனை விடுத்து மற்றொரு விண்மீனை முதன்முதலாக நிழற்படமாகப் பிடித்தது 1850 ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில். அமெரிக்காவிலுள்ள ஹார்வர்ட் வானாய்வு நிலையத்திலே வில்லியம் பொண்ட் என்னும் வானியலறிஞரும் ஜோன் விப்பிள் என்னும் நிழற்படக் கலைஞரும் வேகா விண்மீனைப் படம் பிடித்தனர். வெள்ளி பூசிய தகட்டிலே நூறு செக்கன் அளவு அவ்வொளி விழவேண்டியிருந்தது. அன்று பெருந்தொலைகாட்டி கொண்டு அறிஞர் செய்ததை, இன்று ஒரு சாதாரண கமராவைக் கொண்டு எவரும் செய்யலாம்.

அதற்கு முதலாவது தேவை அசையாத முக்காலித் தாங்கி. இரண்டாவது, அகன்ற காட்சியைத் தரும் வில்லை; அதன் துவாரத்தை இயன்ற அளவு திறந்து வைத்தல் வேண்டும். ஒளியுணர்திறன் எண்ணை 1600 அல்லது 3200 அளவில் வைக்கலாம். குவியத்தைக் கமரா தானாகத் தேடிக்கொள்ள இருளில் இயலாது. ஆகையால், ஒளிமிக்க ஒரு விண்மீனை நோக்கிக் கையாலேயே திருத்தி, அது கூரிய புள்ளியாகத் தோன்றும்போது நிறுத்துதல் வேண்டும். விரலால் அழுத்தினால் கமரா அதிரும். எனவே, சில செக்கன் கழித்துத் தானே இயங்குமாறு விட்டுவிடுதல் நலம்.

எத்தனை செக்கன் திறந்து வைப்பது? இங்கேதான் பூமியின் சுழற்சி குறுக்கிடுகின்றது. பூமி மணிக்குப் பதினைந்து பாகை சுழல்வதால் விண்மீன்கள் வானத்தில் நகர்வனபோல் தோன்றுகின்றன. நெடுநேரம் திறந்து வைத்தால் புள்ளி கோடாகிவிடும். 500 என்னும் எண்ணை வில்லையின் குவியத்தூரத்தால் வகுத்து வரும் செக்கன்களைத் தாண்டாதிருத்தல் நிழற்படக்காரரின் பழைய கைக்கணக்கு. இருபது மில்லிமீற்றர் வில்லைக்கு இருபத்தைந்து செக்கன். இதற்கு மாறாக, கோடுகளையே விரும்புவோர் கமராவைத் துருவ விண்மீனை நோக்கித் திருப்பி ஒரு மணி நேரம் தொடர்ந்து படம் பிடிப்பர். விண்மீன்கள் யாவும் அவ்வொரு புள்ளியைச் சுற்றி வட்டவட்டமாகக் கோலமிட்டிருக்கும். பூமி சுழல்கின்றது என்பதற்கு மாணாக்கர் முன் வைப்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுமோ?

மலையில் குளிரும் பனியும் உண்டு. குளிரில் மின்கலம் விரைவில் வலுவிழக்கும். மாற்று மின்கலத்தைச் சட்டைப்பையின் வெதுவெதுப்பில் வைத்திருப்பர். வில்லையின்மேற் பனித்துளி படியாமல் அடிக்கடி பார்த்துக்கொள்வர். இவற்றிற்கெல்லாம் மேலான ஒழுக்கமொன்றுண்டு. மின்வெட்டொளியைப் பயன்படுத்துதல் கூடாது. வாகனத்தின் முன்விளக்கை ஏற்றுதல் கூடாது. கமராவின் திரையையும் மங்கலாக்கிவிடுதல் வேண்டும். தன் படத்திற்காகப் பிறருடைய இரவைக் கெடுப்பவன் அங்கே மதிக்கப்படுவதில்லை.

கமரா கண்ணைவிட மிகுதியாகக் காணும் என்பதையும் நேயர்கள் மனத்திற் கொள்ளல் வேண்டும். படத்திலே தோன்றும் செந்நிறமும் நீலநிறமும் நேரிற் பார்ப்போர் கண்ணுக்குப் பெரும்பாலும் சாம்பல் நிறமாகவே தெரியும். ஆகவே, படத்தைக் கண்டு ஏங்கி, நேரிற் கண்டு ஏமாறுதல் வேண்டாம். படத்திற்கென்று வேறொரு பயன் உண்டு. அது பொய்யுரைக்காத சாட்சி. ஒரே இடத்தில், ஒரே அளவில், ஆண்டுதோறும் எடுக்கப்படும் படங்கள், அடிவானத்து ஒளிக்குவிமாடம் வளர்கின்றதா தேய்கின்றதா என்பதைக் காட்டிவிடும். நகரசபையின் மேசைமீது அப்படங்களை விரித்து வைத்தால், நீண்ட வாதங்கள் வேண்டியதில்லை.

நேயர்களே, இதுவரை கேட்டோருள் சிலருக்கு ஒரு மறுப்பு எழுந்திருக்கக்கூடும். "விளக்கு இல்லாமல் வாழ்ந்தவர்கள் நாங்கள், எங்களிடம் வந்து இருளின் பெருமையைப் பேசுகின்றீரே" என்று அவர்கள் கேட்கலாம். அக்கேள்வி நியாயமானது. 1990 ஆம் ஆண்டு தொடங்கிப் பல ஆண்டுகள் யாழ்ப்பாணக் குடாநாடு மின்சாரமின்றி இருந்தது. ஜாம் போத்தலிலே திரியிட்டு, துளித்துளியாக மண்ணெண்ணெய் ஊற்றி, அந்த வெளிச்சத்தில் பிள்ளைகள் பரீட்சைக்குப் படித்தனர். ஆசிரியத் தொழிலிற் புகுந்த அந்நாளில் அப்பிள்ளைகளை நான் கண்டிருக்கின்றேன். அப்போது நம் வானம் மெகாந்திக் மலையின் வானத்திற்கு எவ்வகையிலும் குறைந்ததன்று. பால்வழி ஒவ்வொரு முற்றத்தின் மேலும் பரந்து கிடந்தது. ஆயினும் நாம் மேலே நோக்கியது விண்மீன்களுக்காக அன்று; விமானத்தின் இரைச்சலுக்காக. அஞ்சி வாழ்பவனுக்கு இருள் அழகாகத் தோன்றாது. மின்விளக்கு மீண்டும் எரிந்த நாளிலே நாம் கண்ணீர் மல்கியதை மறந்து நான் இங்கு பேசவில்லை.

ஆகவே, விளக்கை வெறுக்குமாறு நான் எவரையும் வேண்டேன். மெகாந்திக் மலையைச் சூழ்ந்த ஊர்களிலும் இரவிலே தெருக்களில் விளக்கு எரிகின்றது. பிள்ளைகள் அச்சமின்றி வீடு திரும்புகின்றனர். மூடியிட்ட விளக்கின் கீழே நடப்பவனுக்குப் பாதை முன்னைவிட நன்றாகத் தெரிகின்றது. ஏனெனில், கண்ணைக் கூசச்செய்யும் ஒளி அங்கே இல்லை. கண் கூசினால், விளக்கிற்கு அப்பால் நிழலில் நிற்பவனை நாம் காண்பதில்லை. வானத்தை நோக்கி வீசப்பட்ட ஒளி எவருக்கும் வழிகாட்டியதில்லை. அதற்கும் நாம் கட்டணம் செலுத்துகின்றோம். நம் கடற்கரைகளிலே முட்டையிலிருந்து வெளிவரும் ஆமைக் குஞ்சுகள், கடலின்மேல் தெரியும் இயற்கையொளியை நாடிச் செல்வதற்குப் பதிலாகக் கரையோர விளக்குகளை நாடி நிலத்துள்ளே சென்று மடிவதும் இதே வீணொளியாலேயே.

மற்ற மாசுகளுக்கும் ஒளிமாசுக்கும் ஒரு பெரிய வேறுபாடு உண்டு. நஞ்சு கலந்த கிணறு தூய்மையடைய எத்தனையோ ஆண்டுகள் செல்லும். வெட்டிய காடு மீண்டும் வளர ஒரு தலைமுறை போதாது. விளக்கை மூடியதும், அணைத்ததும், அக்கணமே வானம் திரும்பி வந்துவிடுகின்றது. மெகாந்திக் மலை மக்களுக்கு இவ்வுண்மையைக் கற்பித்தவர்கள் யார்? சட்டம் இயற்றியோரா? அவர்கள் பின்னர் வந்தனர். செந்நிற விளக்கைக் கையிலேந்தி, குளிரிலே நின்று, இரவிரவாக ஊரவருக்கு விண்மீன்களைச் சுட்டிக்காட்டிய வழிகாட்டிகளே முதலில் வந்தனர். காணாத பொருளைக் காக்க எவரும் முன்வருவதில்லை. கண்டவர் முன்வருவர்.

அத்தகைய வழிகாட்டியாக இருப்பதற்கு மலையும் வேண்டியதில்லை, தொலைகாட்டியும் வேண்டியதில்லை. முகிலில்லாத ஓர் இரவில் முற்றத்து விளக்கை அணையுங்கள். தெருவிளக்கு மறையும் ஒரு மூலையில் பாயை விரித்துப் பிள்ளைகளை அமர்த்துங்கள். இருபது நிமிடம் பொறுத்திருங்கள். தை மாதமாயின் திருவாதிரையின் செம்மையைக் காட்டுங்கள். அதன் மேலே கார்த்திகைக் கூட்டத்தைக் காட்டி, எத்தனை மீன்கள் தெரிகின்றன என்று எண்ணச் சொல்லுங்கள். வைகாசியாயின் தெற்கே தென்சிலுவை நிற்கும். ஆவணியாயின் கேட்டையைச் சூழ்ந்து விருச்சிகம் வளைந்து கிடக்கும். ஆசிரியர்களாயிருப்போர், பிள்ளைகள் எண்ணிய தொகையை ஒரு குறிப்பேட்டிலே திகதியுடன் பதிந்து வையுங்கள். ஐந்தாண்டு கழித்து அடுத்த வகுப்புப் பிள்ளைகளைக்கொண்டு, அதே இடத்தில், அதே மாதத்தில் மீண்டும் எண்ணிப் பாருங்கள். தொகை குறைந்திருக்குமாயின், அக்குறிப்பேட்டை உங்கள் பிரதேச சபையிடம் எடுத்துச் செல்லுங்கள். முப்பதுக்கும் மேற்பட்ட ஊர்கள் சேர்ந்து மாற்றிய விளக்குகளின் கதை, அத்தகைய ஒரு சிறு தொடக்கத்திலிருந்தே எழுந்தது.